காரில் அழியாத எண்

கோளாறு எதுவும் இல்லை என்றது போன். லார்ஸுக்கு அதுதான் பிடிக்கவில்லை.

பன்னிரண்டு வருஷம் ஓடிய கார். அந்த வயதில் ஒரு காருக்கு முனகுவதற்காவது ஏதாவது இருக்கும். இங்கே திரையில் பச்சை எழுத்தில் ஒரே வரி. ஸ்டியரிங்குக்குக் கீழே, முழங்கால் இடிக்கும் இடத்தில், தீப்பெட்டி அளவில் ஒரு கருவியைச் செருகியிருந்தான். கோளாறு வந்தால் காரின் கணினி அதை ஒரு எண்ணாகக் குறித்து வைக்கும்; அப்படி அதில் இருப்பதையெல்லாம் அந்தக் கருவி போனுக்கு அனுப்பும். திரையைத் தொடக் கையுறையைக் கழற்ற வேண்டியிருந்தது. விரல் மரத்துப்போனதும் மறுபடி மாட்டிக்கொள்ள வேண்டியிருந்தது.

ஓரெஸ்ட் வெளியிலிருந்து ஜன்னலைத் தட்டினான். லார்ஸின் மனைவி ஹலினாவுக்கு அண்ணன். கார் அவனுடையது. மீசையில் பனி வெள்ளையாக உறைந்திருந்தது.

"என்ன மாப்ளே, நாடி பாத்தாச்சா? நோயாளி பொழைப்பாரா?"

"இரு மச்சான். இன்னும் கொஞ்சம் இருக்கு."

"இன்னுமா? நான் இதை வாங்கினப்போ டயரை ஒரு உதை உதைச்சேன், காசைக் குடுத்தேன், ஓட்டிட்டு வந்துட்டேன்டா."

பின்சீட்டிலிருந்து ஹலினா சொன்னாள்: "லார்ஸ், அண்ணன் வெளிய உறைஞ்சிட்டு நிக்குது. மைனஸ் இருபத்தொம்பது."

"வீட்டுக்குள்ள போய் இருக்கச் சொல்லு. நான் ஒண்ணும் நிக்கச் சொல்லலியே."

சொன்ன பிறகு, கொஞ்சம் கடுமையாகப் பேசிவிட்டோமோ என்று தோன்றியது. லார்ஸுக்கு எதுவுமே சொன்ன பிறகுதான் தோன்றும். ஆனாலும் போனை விடவில்லை.

ஹலினாவின் சிறுநீரகங்கள் போன வருஷம் கைவிட்டுவிட்டன. வாரத்துக்கு மூன்று நாள் சாஸ்கடூன் நகரத்து ஆஸ்பத்திரியில் டயாலிசிஸ். ப்ரென்னன் என்ற அவர்கள் ஊரிலிருந்து இரண்டு மணி நேர ஓட்டம். நடுவில் ஒரு பெரிய வெட்டவெளி, அங்கே வீடும் கிடையாது, போனும் எடுக்காது. அவர்களுடைய பழைய கார் நவம்பரில் லார்ஸ் வேலை செய்யும் தானியக் கிடங்கு வாசலிலேயே உயிரை விட்டது. அதிலிருந்து சர்ச் வேனில்தான் போய் வருகிறாள். க்ளிஃபோர்ட் என்ற பெரியவர் சும்மாவே ஓட்டிக் கூட்டிப்போகிறார். நல்ல மனுஷன். ஆனால் எத்தனை நாளைக்கு?

கார் வாங்க வேண்டும். அந்த வெட்டவெளியில் நின்றுவிடாத காராக வாங்க வேண்டும். டயாலிசிஸ் முடிந்து வரும்போது ஹலினா துவைத்துப் பிழிந்த துணி மாதிரி இருப்பாள். அப்படிப்பட்டவளை வைத்துக்கொண்டு மைனஸ் முப்பதில் வண்டி நின்றுபோனால் என்ன ஆகும் என்பதை லார்ஸ் ஒரு தடவை முழுசாக யோசித்துப் பார்த்தான். மறுபடி யோசிக்கவில்லை. அதற்குப் பதிலாக உயர்நிலைப் பள்ளியில் நடக்கும் மாலை வகுப்பில் சேர்ந்தான். வீட்டிலிருந்தபடியே போனை வைத்துக் காரைச் சோதிப்பது எப்படி என்று அங்கே கற்றுக்கொடுத்தார்கள். கற்றுக்கொண்ட பிறகு நான்கு கார்களைப் பார்த்தான். நான்கையும் வேண்டாம் என்றான். ஒவ்வொன்றிலும் போன் ஏதாவது ஒன்றைக் காட்டியது. அந்தக் காரணங்கள் சரியானவைதானா, இல்லை தனக்குத்தான் பயமா என்று அவனுக்கே நிச்சயமில்லை.

இது ஐந்தாவது. ஓரெஸ்ட் புது லாரி வாங்கிவிட்டான், பழைய காரைத் தங்கைக்கு விற்கிறேன் என்கிறான். மச்சான் என்பதற்காகச் சோதிக்காமல் விடலாமா? மச்சான் என்பதால்தான் இன்னும் நன்றாகப் பார்க்க வேண்டும் என்று லார்ஸ் நினைத்தான். வேறு யாராவது ஏமாற்றினால் சண்டை போடலாம்.

அடுத்த பக்கத்தைத் திறந்தான். கார் தன்னைத்தானே அவ்வப்போது சோதித்துக்கொள்ளும். எந்தச் சோதனையை முடித்திருக்கிறது, எதை முடிக்கவில்லை என்று அங்கே தெரியும். நாள்தோறும் ஓடும் காரில் எல்லாம் முடிந்திருக்க வேண்டும். இதில் பாதிக்கு மேல் முடியவில்லை.

ஜன்னலை இறக்கினான். குளிர் முகத்தில் அறைந்தது.

"மச்சான், இதுல இருந்ததை யாரோ சமீபத்துல அழிச்சிருக்காங்க."

"என்ன அழிச்சிருக்காங்க?"

"கோளாறு எண்ணை. அழிச்சா காரோட சோதனையெல்லாம் மொதல்லேர்ந்து ஆரம்பிக்கும். அப்படித்தான் இருக்கு."

ஓரெஸ்ட் மூக்கைத் துடைத்தான். "பேட்டரி மாத்தினேன்டா போன வாரம். பேட்டரியைக் கழட்டினாலும் அப்படித்தானே ஆகும்? உங்க வாத்தியார் அதைச் சொல்லலியா? அன்னிக்கு நீ லீவா?"

சொல்லியிருந்தார். பேட்டரியைக் கழற்றினாலும் அப்படி ஆகலாம். லார்ஸ் இறங்கி பானெட்டைத் தூக்கிப் பார்த்தான். பேட்டரி பளபளவென்று புதிதாக இருந்தது. தொட்டுக்கூடப் பார்த்தான். அதற்குள் மூக்கு எரிய ஆரம்பித்துவிட்டது. மூடிவிட்டு உள்ளே வந்து உட்கார்ந்தான்.

"சரிதானா? இப்ப போலாமா?" என்றாள் ஹலினா.

சரி என்று சொல்லத்தான் வாயெடுத்தான். அப்போதுதான் செயலியின் அடியில் இருக்கும் இன்னொரு பக்கம் நினைவுக்கு வந்தது. போனை வைத்து அழிக்க முடியாத எண்கள் அங்கேதான் இருக்கும். பேட்டரியைக் கழற்றினாலும் போகாது. கோளாறு சரியாகிவிட்டது என்று கார் தானே ஓடிப் பார்த்துத் தெரிந்துகொண்டால்தான் கார் அதை அழிக்கும். வகுப்பில் இதைச் சொன்ன அன்று எல்லோரும் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள்.

திறந்தான். ஒரு எண் இருந்தது. எஞ்சின் போதிய சூட்டுக்கு வரவில்லை என்பதற்கான எண். பெரும்பாலும் தெர்மோஸ்டாட்தான் காரணம். எஞ்சின் சூடாகும் வரை தண்ணீரை ரேடியேட்டர் பக்கம் போகவிடாமல் அடைத்து வைக்கும் சின்ன வால்வு அது. திறந்தபடியே சிக்கிக்கொண்டால் தண்ணீர் ஓயாமல் ரேடியேட்டருக்குப் போய்க் குளிர்ந்துகொண்டே இருக்கும். எஞ்சினும் சூடாகாது, காருக்குள் வெந்நீரால் வரும் அனலும் வராது. இந்த ஊர் ஜனவரியில் அது சின்ன விஷயமில்லை.

போனை ஜன்னல் பக்கம் திருப்பிக் காட்டினான்.

ஓரெஸ்ட் குனிந்து பார்த்தான். ஒரு கணம் அதிகமாகவே பார்த்தான் என்று லார்ஸுக்குப் பட்டது. பிறகு பின்சீட்டைப் பார்த்தான். பிறகு சிரித்தான்.

"அட, அது பழசு. தெர்மோஸ்டாட் மாத்தியாச்சு."

"எப்போ?"

"அது... குளிர் ஆரம்பிச்சப்போ."

"பழசை வச்சிருக்கியா?"

"குப்பையை எவன்டா வச்சிருப்பான்? உனக்கு என்ன வேணும், இறப்புச் சான்றிதழா?"

"ஓட்டிப் பாக்கலாம்" என்றான் லார்ஸ். "ஏறு மச்சான். சூடு ஏறுதா இல்லியான்னு போன் சொல்லும். மாத்தியிருந்தா எண்பத்தெட்டுக்குப் பக்கத்துல போய் நிக்கும். அங்கேயே இருக்கும்."

ஓரெஸ்ட், எஞ்சின் குளிரில் உறையாமலிருக்கச் செருகிவைக்கும் ஹீட்டர் வயரைச் சுவரிலிருந்து பிடுங்கிச் சுருட்டி வைத்துவிட்டு முன்சீட்டில் ஏறினான். கார் லேசாகச் சாய்ந்து நிமிர்ந்தது. லார்ஸ் போனை முன்கண்ணாடியில் ஒட்டப் பார்த்தான். குளிரில் ஸ்டாண்டின் ரப்பர் கட்டையாகிப்போய் ஒட்டவில்லை. ஓரெஸ்ட் கையை நீட்டினான்.

"குடு, நான் படிக்கிறேன்."

லார்ஸ் அந்தக் கையைப் பார்த்தான். பிறகு போனைப் பின்பக்கம் நீட்டினான். "ஹலினா, நீ வச்சுக்கோ. அந்த நம்பரை மட்டும் அப்பப்ப சொல்லு."

"என்மேல நம்பிக்கையில்லியா மாப்ளே?"

"நீ கண்ணாடி போட்டுட்டு வரலியே."

"நான் கண்ணாடியே போடுறதில்லடா."

ஹலினா போனை வாங்கிக்கொண்டாள்.

ஊரைத் தாண்டி நெடுஞ்சாலைக்கு வந்தார்கள். இரண்டு பக்கமும் பனி மூடிய வயல். சாலைமேல் பனித்தூள் பாம்பு மாதிரி நெளிந்து ஓடியது. ஹலினா எண்களைச் சொல்லிக்கொண்டே வந்தாள். நாற்பத்தைந்து. அறுபது. எழுபத்தெட்டு. எண்பத்தெட்டு. காற்றுத் துளைகளிலிருந்து அனல் வந்தது. ஓரெஸ்ட் கோட்டின் ஜிப்பைப் பாதி இறக்கினான்.

"பாத்தியா? சானா குளியல் மாதிரி இருக்கு. துண்டு மட்டும்தான் பாக்கி."

"நல்லாத்தான் இருக்கு" என்றான் லார்ஸ். உண்மையிலேயே நன்றாகத்தான் இருந்தது. மச்சானைச் சந்தேகப்பட்டது அல்பத்தனமாகத் தெரிந்தது. ஹலினாவின் அம்மா வீட்டுச் சாப்பாட்டு மேஜையில் இது ஒரு கதையாக வருஷக்கணக்கில் ஓடும். ஓரெஸ்ட் கையில் போனைப் பிடிப்பதுபோல நடித்துக் காட்டுவான், எல்லோரும் சிரிப்பார்கள்.

எதிரே ஒரு லாரி வந்தது. முகப்பில் குளிர் மறைப்பு கட்டியிருந்தது. குளிர்காலத்தில் கிரில்மேல் கட்டும் ரெக்சின் துணி. ஊரில் எல்லா வண்டிக்கும் உண்டு. தலைக்குக் குல்லா மாதிரி. கட்டாத வண்டியைத்தான் திரும்பிப் பார்ப்பார்கள்.

லார்ஸ் காலை ஆக்ஸிலரேட்டரிலிருந்து எடுத்தான்.

எல்லா வண்டிக்கும் இருப்பதாலேயே அதை அவன் பார்க்கவில்லை. இந்தக் காரிலும் இருந்தது. அதன்மேல் கையை வைத்துத்தான் பானெட்டையே தூக்கினான். வெளிக்காற்றை அடைத்துவிட்டால், தெர்மோஸ்டாட் செத்துக் கிடந்தாலும் எஞ்சின் சூடாகும். மறைப்பு கட்டிய காரில் எண்பத்தெட்டு என்பதற்கு ஒரு மதிப்பும் இல்லை.

காரை ஓரமாக நிறுத்தி, விளக்குகளை மினுங்க விட்டான்.

"என்னடா ஆச்சு?" என்றான் ஓரெஸ்ட்.

"மறைப்பைக் கழட்டப் போறேன்."

"மைனஸ் இருபத்தொம்பதுல எவனாவது அதைக் கழட்டுவானா? பைத்தியமா உனக்கு?"

"தெர்மோஸ்டாட் நல்லா இருந்தா கழட்டினாலும் சூடு நிக்கும் மச்சான். நல்லாத்தானே இருக்கு?"

லார்ஸ் இறங்கிப் போய் ரெக்சின் துணியின் கொக்கிகளை விடுவித்தான். துணிக்குப் பின்னால், கிரில்லுக்கும் ரேடியேட்டருக்கும் நடுவே, அளவாக வெட்டிச் செருகிய அட்டை ஒன்று இருந்தது. வாழைப்பழப் பெட்டியின் அட்டை. குல்லாவுக்குள் இன்னொரு குல்லா. ஊரில் அதையும் செய்பவர்கள் உண்டுதான். ஆனால் வெட்டிய விளிம்பு புதிதாக, சுத்தமாக இருந்தது. பனி உருகச் சாலையில் தூவும் உப்பை ஒரு குளிர்காலம் தின்ற அட்டை இப்படி இருக்காது.

அதையும் உருவி, இரண்டையும் பின்னால் போட்டான். ஏறி உட்கார்ந்தபோது இமை மயிர்கள் ஒட்டிக்கொண்டன. காரைக் கிளப்பினான்.

"எவ்வளவு?"

"எண்பத்தெட்டு" என்றாள் ஹலினா.

ஓரெஸ்ட் ஜன்னல் வழியே வயலைப் பார்த்துக்கொண்டு வந்தான். அங்கே பார்க்க ஒன்றுமில்லை.

"எவ்வளவு?"

"எண்பத்தேழு."

நல்ல சேதிதான். அப்படியென்றால் வால்வு தன் வேலையைச் செய்கிறது. லார்ஸ் இன்னும் கொஞ்சம் வேகம் கூட்டினான். கொஞ்ச தூரம் போனதும் கையுறையைக் கழற்றிக் காற்றுத் துளைமேல் கையை வைத்தான். தன் கைதான் குளிர்ந்திருக்கிறது போலும் என்று முதலில் நினைத்தான். அனலாக இல்லை. வெதுவெதுப்பாகக்கூட இல்லை. யாரோ வாயால் ஊதுகிற மாதிரி இருந்தது.

"இப்ப எவ்வளவு ஹலினா?"

"எண்பத்தாறு."

"சரியா பாரு."

"பாத்துட்டுத்தான் சொல்றேன்."

ஓரெஸ்ட் கோட்டின் ஜிப்பைக் கழுத்து வரை ஏற்றினான். அந்தச் சத்தம் கேட்டதும் லார்ஸ் காரை மறுபடி ஓரம் கட்டினான்.

"போனைக் குடு."

"லார்ஸ்..."

"குடு."

கொடுத்தாள். திரையில் ஐம்பத்தொன்பது என்றிருந்தது. பார்த்துக்கொண்டிருக்கும்போதே ஐம்பத்தெட்டானது.

ஓரெஸ்ட் கதவைத் திறந்தான். "நான் போய் அட்டையைச் செருகறேன். இல்லேன்னா இங்கேயே செத்துருவோம்" என்று யாரிடமோ சொல்வதுபோலச் சொல்லிவிட்டு இறங்கினான். அவ்வளவு வேகமாக அவன் எங்கேயும் இறங்கி லார்ஸ் பார்த்ததில்லை.

லார்ஸ் திரும்பாமல் கண்ணாடியில் மனைவியைப் பார்த்தான்.

"அவன் பொய் சொன்னா எனக்குப் புரியும். கார் விக்கிறவன். நீ ஏன் சொன்னே?"

"அவன் சொன்ன பொய்யும் என்னோடதுதான். அவன் உன்கிட்ட உண்மையைச் சொல்லணும்னுதான் வந்தான். நாந்தான் வேண்டாம்னேன். எண்ணை அழிக்கச் சொன்னேன். அட்டையும் நான் சொல்லித்தான் வச்சான்."

"பேட்டரி?"

"அது நெஜமாவே மாத்தினது. வசதியாப் போச்சு."

"ஹலினா, இதுல போகப்போறது நீ! நானா? உனக்காகத்தான் நான் இவ்வளவும்..."

"சொல்லியிருந்தா என்ன பண்ணியிருப்பே?"

"வேண்டாம்னுருப்பேன்."

"அதான்."

பானெட்டுக்கு அந்தப் பக்கம் ஓரெஸ்டின் குல்லா மேலும் கீழும் போய்க்கொண்டிருந்தது.

"ஒரு சின்ன வால்வு" என்றாள் ஹலினா. "அரை நாள் வேலைன்னு அண்ணன் சொல்றான். புதுசு வாங்கி கராஜ்ல வச்சிருக்கான். நீ காரை எடுத்துட்டேன்னா, நாளைக்கு நீ வேலைக்குப் போனதும் வந்து மாத்திடறேன்னான். இதைச் சொன்னா நீ கேப்பியா? தெர்மோஸ்டாட் போயிருக்குன்னா வேற என்னல்லாம் போயிருக்குமோன்னு ஆரம்பிப்பே. ஆறாவது காரைத் தேடுவே. அதுலயும் ஏதாவது இருக்கும். எல்லா கார்லயும் ஏதாவது இருக்கும் லார்ஸ்."

"வேன் இருக்கில்ல? ஒரு மாசம் பொறுத்தா..."

ஹலினா சிரித்தாள். சந்தோஷமான சிரிப்பில்லை.

"அந்த வேன்ல ஹீட்டரே வேலை செய்யல. கிறிஸ்துமஸுக்கு முன்னாடிலேர்ந்து. ரெண்டு மணி நேரம் போக, ரெண்டு மணி நேரம் வர. க்ளிஃபோர்ட் எனக்கு ஒரு குதிரைப் போர்வை கொண்டு வந்து குடுத்தாரு, பாவம். டயாலிசிஸ் ஊசி போடுற கையை வயித்தோட சேத்துச் சுருட்டி வச்சுட்டுப் போறேன். அந்தக் கை குளிர்ந்தா ரத்தம் சரியா வராது, நர்ஸ் திட்டுவா. நாலு காரைச் சோதிச்சியே, நான் ஏறிப்போற வேன்ல என்னைக்காவது உன் போனைச் செருகிப் பாத்தியா?"

வேன் வாசலில் வந்து நிற்கும். கையசைப்பான். ஒவ்வொரு தடவையும் கையசைத்திருக்கிறான்.

"எங்கிட்ட சொல்லவே இல்லியே."

"சொன்னா அதுல போகாதேன்னுருப்பே. அப்புறம் எதுல போறது?"

கதவு திறந்தது. குளிரோடு ஓரெஸ்ட் உள்ளே வந்தான். இரண்டு பேர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தான்.

"முடிஞ்சுதா, இல்ல இன்னொரு ரவுண்டு வெளிய நிக்கணுமா? நிக்கறேன். ஆனா காது ரெண்டையும் நீங்கதான் வாங்கித் தரணும்."

"உக்காரு மச்சான்" என்றான் லார்ஸ்.

காரைத் திருப்பினான். வழியெல்லாம் வேறு என்ன மறைத்திருப்பார்கள் என்ற எண்ணம் போகவே இல்லை. அது ஒரு பக்கம். வேறு யாரிடமெல்லாம் எதையெல்லாம் கேட்காமல் விட்டோம் என்பது இன்னொரு பக்கம். எது பெரியது என்று அவனால் சொல்ல முடியவில்லை.

ஓரெஸ்டின் கராஜில் சூடு இருந்தது. புது தெர்மோஸ்டாட் அலமாரியில், பெட்டி பிரிக்காமல் இருந்தது. லார்ஸ் அதை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தான்.

"சொல்லாதே" என்றான் ஓரெஸ்ட். "அந்த மூஞ்சி எனக்குத் தெரியும்."

"மாட்டறதுக்கு முன்னாடி வெந்நீர்ல போட்டுப் பாத்தா நல்லது. புதுசுலயும் ஓட்டை உடைசல் வரும்."

"பொறந்த கொழந்தை வாயைத் திறந்து பல்லை எண்ணுவே போலிருக்கே."

ஆனாலும் போட்டார்கள். ஓரெஸ்டின் மனைவி கடைக்குப் போயிருந்தாள். சமையலறையில், பெரோகி கொழுக்கட்டை வேகவைக்கும் பெரிய பாத்திரத்தில் தண்ணீர் கொதிக்கவைத்து, இறைச்சிக்குக் குத்திப் பார்க்கும் சூடுமானியைக் கம்பியில் தொங்கவிட்டார்கள். "அவ வந்து இதைப் பாத்தா காரை இல்ல, என்னைத்தான் வித்துடுவா" என்று ஓரெஸ்ட் வாசலையே பார்த்துக்கொண்டிருந்தான். புது வால்வு எண்பத்திரண்டில் மெல்ல வாய் திறந்தது. எடுத்து ஆறவைத்ததும் மூடிக்கொண்டது. இரண்டாவது தடவையும் போட்டார்கள். மூன்றாவது தடவைக்கு ஹலினா அடுப்பை அணைத்துவிட்டாள்.

பழையதைக் கழற்றி வெளியே எடுத்தபோது லார்ஸ் அதை விளக்கில் பிடித்துப் பார்த்தான். குளிர்ந்த பிறகும் ஒரு நகம் நுழையும் அளவுக்குத் திறந்தே இருந்தது. அதுவரை, இதுவும் இன்னொரு நாடகமாக இருக்குமோ என்ற ஒரு நூல் மிச்சமிருந்தது. அதைப் பார்த்ததும் அறுந்தது.

சாயங்காலம் மறைப்பு, அட்டை இரண்டும் இல்லாமல் மூன்று பேரும் அதே சாலையில் போனார்கள். போனை இந்தத் தடவை லார்ஸ் தன் தொடைமேல் வைத்துக்கொண்டான். யாரையும் படிக்கச் சொல்லவில்லை. எண்பத்தெட்டு. எண்பத்தேழு. மறுபடி எண்பத்தெட்டு. திரும்பி வரும் வரை அங்கேயே நின்றது.

"இப்ப?" என்றான் ஓரெஸ்ட்.

லார்ஸ் அந்த அடிப்பக்கத்தைத் திறந்தான். எண் போகவில்லை.

"அடப்பாவி, இன்னும் இருக்கா?"

"கார் தானே சோதிச்சுப் பாத்தாத்தான் போகும். இந்தக் குளிர்ல அந்தச் சோதனையை அது செய்யாது. வெளிய ரொம்பக் குளிரா இருந்தா சரியான முடிவு வராதுன்னு விட்டுடும்."

"எப்ப செய்யும்?"

"பனி உருகணும். ஏப்ரல்."

ஓரெஸ்ட் அவனை உற்றுப் பார்த்தான். "காரும் உன்னை மாதிரிதான்டா. வால்வைக் கையில குடுத்தாலும் ஏப்ரல் வரைக்கும் நம்பாது." பிறகு குரலைத் தாழ்த்தினான். "மாப்ளே, நான் சொல்லியிருக்கணும். அவ கேட்டா எனக்கு மாட்டேன்னு சொல்ல வராது. சின்ன வயசுலேர்ந்தே வராது."

"எனக்குத்தான் வருது" என்றான் லார்ஸ்.

திங்கட்கிழமை விடியுமுன் லார்ஸும் ஹலினாவும் சாஸ்கடூனுக்குக் கிளம்பினார்கள். லார்ஸ் கிடங்கில் ஒரு வாரத்துக்கு வேலை நேரத்தை மாற்றி வாங்கியிருந்தான். இந்த வாரம் வேன் வேண்டாம் என்று க்ளிஃபோர்டிடம் முந்தின நாளே போய்ச் சொன்னான். வேனின் ஹீட்டரை ஒரு நாள் வந்து பார்க்கிறேன் என்றும் சொன்னான். அவர் ரொம்ப நேரம் கையைப் பிடித்துக் குலுக்கினார்.

மறைப்பை மறுபடி கட்டியிருந்தான். அட்டையைச் செருகவில்லை. வெட்டவெளி ஆரம்பிக்கும் இடத்தில் வேகத்தைக் கொஞ்சம் குறைத்தான். தொடைமேல் இருந்த போனை ஒரு முறை பார்த்தான்.

"அதுல என்ன போட்டிருக்கு?" என்றாள் ஹலினா.

எல்லாம் சரி என்று சொல்லிவிடலாம். சொல்லியிருந்தால் அவளும் நம்பியிருப்பாள்.

"சூடு சரியா இருக்கு. அந்த எண் இன்னும் இருக்கு. ஏப்ரல் வரைக்கும் எனக்கு நிச்சயமாத் தெரியாது."

"அப்ப?"

"அப்ப ஒண்ணுமில்ல. போறோம்."

ஹலினா கோட்டின் ஜிப்பை இறக்கினாள். குல்லாவை எடுத்து மடியில் வைத்தாள். கொஞ்ச தூரம் போனதும் சொன்னாள்:

"நானும் ஒண்ணு சொல்றேன். நீ வண்டியை நிறுத்தக்கூடாது."

அவன் தலையாட்டினான்.

"டிசம்பர்ல புயல் வந்துச்சே, அன்னிக்கு நான் முழு நேரம் மெஷின்ல இருக்கல. ஒரு மணி நேரம் முன்னாடியே கழட்டச் சொல்லிட்டேன். இருட்டறதுக்குள்ள கிளம்பலேன்னா க்ளிஃபோர்டுக்குக் கண்ணு தெரியாது. டாக்டர் கேட்டப்போ வயித்துவலின்னு சொன்னேன்."

கால் தானாகவே பிரேக் பக்கம் போனது. லார்ஸ் அதைத் திருப்பிக் கொண்டுவந்தான்.

"அந்த ஒரு தடவைதானா?"

"ரெண்டு தடவை."

கேட்காமலிருந்தால் ஒன்றாகவே இருந்திருக்கும். அவன் அடுத்த கேள்வியை விழுங்கினான்.

"இன்னிக்கு முழு நேரமும் இரு" என்றான். "எவ்வளவு இருட்டினாலும் எனக்கு ஓட்டத் தெரியும். நான் வெளியிலேயே இருக்கேன்."

"நாலு மணி நேரமா? என்ன பண்ணுவே?"

"உக்காந்திருப்பேன்."

"உக்காரு. நர்ஸ்கிட்ட போய் அந்த மெஷின்ல போனை எங்க செருகறதுன்னு மட்டும் கேட்டுடாதே."

லார்ஸ் சாலையைப் பார்த்தபடியே சிரித்தான். கேட்கலாம் என்றுதான் நினைத்திருந்தான்.